சொல் இல்லாத படப்புத்தகத்தை வைத்துக் கதை சொல்லப் பழக்குவது எப்படி?

மொரீஷியஸில் தமிழ் வகுப்புக்கு வரும் ஐந்து வயதுக் குழந்தை பெரும்பாலும் வீட்டில் கிரியோல் (பிரெஞ்சிலிருந்து பிறந்த உள்ளூர் மொழி) பேசும். பள்ளியில் ஆங்கிலமும் பிரெஞ்சும் எழுதத் தொடங்கியிருக்கும். தமிழோ விருப்பப் பாடம். அந்தக் கையில் தமிழ்க் கதைப்புத்தகத்தைக் கொடுத்தால் கதை போய்விடும், எழுத்துக்கூட்டல்தான் மிஞ்சும். எழுத்தே இல்லாத படப்புத்தகம் அங்கேதான் கைகொடுக்கிறது. தமிழ் வாசிக்கத் தெரியாமல் பேச மட்டும் தெரிந்த பெற்றோரும் பாட்டி தாத்தாவும்கூட இதை நடத்தலாம்.

ஆனால் படத்தைச் சொல்வது வேறு, கதை சொல்வது வேறு. மூன்று வயதில் "நாய், பையன், மரம்" என்று பட்டியல்தான் வரும். நான்கில் "அப்புறம், அப்புறம்" என்று கோத்துக்கொண்டே போகும். "ஏன் நடந்தது" என்று காரணம் சொல்வது ஐந்து, ஆறு வயதில் மெல்லத் தலைகாட்டும். ஒரு பக்கத்தில் குரங்கு கடைக் கூரைமேல் இருக்கிறது. அடுத்த பக்கத்தில் அதன் கையில் வாழைப்பழம். நடுவில் நடந்ததை யாரும் வரையவில்லை. கதை அந்த இடைவெளியில்தான் இருக்கிறது. கீழே சொல்வதெல்லாம் அதைக் குழந்தையின் வாயால் வரவழைக்கத்தான்.

புத்தகம்

மூன்று, நான்கு வயதுக்கு 12 முதல் 16 பக்கம் போதும். பக்கத்துக்கு ஒரே படம், இரண்டு மூன்று பாத்திரங்கள். ஒரு பக்கத்தில் ஆறு கட்டம் போட்ட புத்தகம் அழகாக இருக்கலாம், ஆனால் எந்தக் கட்டத்துக்குப் பின் எது என்று தேடுவதிலேயே குழந்தையின் கவனம் தீர்ந்துவிடும். பாத்திரத்துக்கு ஒரு சிக்கல் வருகிறதா என்று முதலில் பாருங்கள். காவடித் திருநாள் படங்களை வரிசையாக ஒட்டினால் கொடியேற்றம், விரதம், ஊர்வலம் என்று நிகழ்ச்சி வரிசை கிடைக்கும், கதை கிடைக்காது. அதே ஊர்வலத்தில் தம்பியின் செருப்பு காணாமல் போகட்டும், கதை தானே நடக்கும்.

விலைக்கு வாங்கவேண்டிய அவசியம் இல்லை. பிரதம் புக்ஸ் நடத்தும் ஸ்டோரிவீவர் தளத்தில் சொல் இல்லாத புத்தகங்களை இலவசமாக இறக்கி அச்சிடலாம். ஏ4 தாளில், ஒரு பக்கம் மட்டும், பின்புறம் வெறுமையாக விட்டு அச்சிடுங்கள். இரண்டு பக்கம் சேர்ந்த பெரிய படம் இருந்தால் நடுவில் வெட்டுப்படும். அதை ஒட்டிச் சேர்த்துவிடுங்கள். தைக்க வேண்டாம், தாள்கள் தனித்தனியாகவே இருக்கட்டும். காரணம் பின்னால் வரும். கைபேசித் திரையில் காட்டுவதைத் தவிருங்கள்: குழந்தை விரலால் தள்ளிக்கொண்டே கடைசிக்குப் போய்விடும்.

நடத்தும் முறை

ஒரு தடவைக்கு 10 முதல் 15 நிமிடம். வகுப்பானால் நான்கைந்து குழந்தைகளுக்கு மேல் ஒரு புத்தகத்தைச் சுற்றி உட்கார வைக்காதீர்கள். பின்வரிசைக்குப் படம் தெரியாது, வாலாட்டம் தொடங்கிவிடும்.

முதல் நாள் பேசாமல் பார்ப்பது மட்டும். நீங்களும் வாய் திறக்க வேண்டாம். பெரியவர் முதலில் கதையைச் சொல்லிவிட்டால் குழந்தை அதையே ஒப்பிக்கும். அதன் பிறகு அந்தப் புத்தகத்தில் அதற்குச் சொந்தக் கதை இருக்காது.

மறுநாள் குழந்தை சொல்லட்டும். "இது என்ன?" என்று கேட்டால் பெயர்தான் பதிலாக வரும். பக்கத்தைப் பாதி திருப்பி நிறுத்திக்கொண்டு "இப்ப என்ன பண்ணப்போகுது?" என்று கேளுங்கள். திருப்பிய பின் "இது எப்படி இதோட கைக்கு வந்துச்சு?" கேட்டபின் மனதுக்குள் ஐந்து வரை எண்ணுங்கள். அந்த மௌனம் நமக்குத்தான் சங்கடம், குழந்தைக்கு அது யோசிக்கும் நேரம்.

பதில் கிரியோலில் வரும். "ஸாக்கோ இன் பிரான் பனான்" என்று சொன்னால் தடுக்காதீர்கள், "தமிழில் சொல்லு" என்றும் கேட்காதீர்கள். பல குழந்தைகள் அங்கேயே வாய் மூடிவிடும். "ஆமா, குரங்கு வாழைப்பழத்தை எடுத்துக்கிட்டு ஓடிடுச்சு" என்று நீங்கள் நீட்டிச் சொல்லுங்கள், பிறகு அந்த ஒரு வாக்கியத்தை மட்டும் சேர்ந்து சொல்லுங்கள். கேள்வி கேட்பது, பதிலை மதிப்பிடுவது, நீட்டுவது, திரும்பச் சொல்வது: அமெரிக்க உளவியலாளர் க்ரோவர் வைட்ஹர்ஸ்டும் உடன் ஆய்வாளர்களும் 1988-இல் எழுதிய கட்டுரையிலிருந்து வளர்ந்த உரையாடல் வாசிப்பின் நான்கு படிகள் இவை. ஒரு பக்கத்துக்கு ஒரு முறை போதும். ஒவ்வொரு சொல்லுக்கும் செய்தால் பாடமாகிவிடும்.

தமிழில் கதை ஓடுவது "குதிச்சு", "போய்" போன்ற வினையெச்சங்களால். குழந்தை "குதிச்சுது. போச்சு. எடுத்துச்சு" என்று துண்டு துண்டாகச் சொன்னபின், "கூரையில இருந்து குதிச்சு, கடைக்குள்ள போய், பழத்தை எடுத்துச்சாம்" என்று கோத்துக் காட்டுங்கள். "எடுத்துச்சாம்" என்பதன் முடிவில் வரும் அந்த "ஆம்" முக்கியம். அது ஒட்டியதும் குழந்தையின் குரலே கதை சொல்லும் குரலாக மாறும். படம் கண் முன்னே இருக்கும்வரை "ஓடுது, அழுது" என்று பெரும்பாலும் நிகழ்காலமே வரும். புத்தகத்தை மூடிவிட்டுக் கேளுங்கள், இறந்தகாலம் வரும்.

மூன்றாம் நாளுக்குத்தான் தனித்தாள்கள். தாள்களைத் தரையில் வரிசையாகப் பரப்பி, நடுவில் ஒன்றை உருவிவிடுங்கள். "இங்கே என்ன நடந்திருக்கும்?" ஐந்து வயதுக்கு ஒரு தாள், ஏழு வயதுக்கு அடுத்தடுத்து இரண்டு. முதல் தாளையோ கடைசித் தாளையோ உருவாதீர்கள். தொடக்கமும் முடிவும் தெரியாமல் இடைவெளியை நிரப்புவது பெரியவர்களுக்கே கடினம்.

உணர்ச்சி தனியாகக் கவனிக்க வேண்டியது. "பழக்கடைக்காரர் முகத்தைப் பாரு, மனசுல என்ன சொல்லிக்கிறார்?" என்று கேட்டால் "என்று", "ன்னு" எல்லாம் தானாக வரும். "சோகம்", "கோபம்" இரண்டிலேயே சுற்றினால் வெட்கம், பயம், ஏமாற்றம் ஆகியவற்றை நீங்கள் நடித்துக் காட்டுங்கள்.

மாதம் ஒரு முறை, குழந்தை பார்த்திராத புத்தகம் ஒன்றைக் கொடுத்துச் சொல்லச்சொல்லி, கைபேசியில் இரண்டு நிமிடம் பதியுங்கள். யார், என்ன சிக்கல், அவர் செய்த முயற்சி, கடைசியில் என்ன ஆனது: இந்த நான்கும் வந்ததா என்று மட்டும் குறித்துக்கொள்ளுங்கள். இலக்கணப் பிழைகளை எண்ண வேண்டாம். சொன்னதை அப்படியே, கிரியோல் சொல் இருந்தால் அதையும் சேர்த்து, தமிழ் எழுத்தில் எழுதி அந்தந்தப் படத்தின் வெற்றுப் பின்புறத்தில் ஒட்டுங்கள். பின்னாளில் எழுத்து படிக்கத் தொடங்கும்போது, தன் வாயிலிருந்து வந்த சொற்களைக் குழந்தை ஊகித்தே படித்துவிடும்.

ஒரே புத்தகம் அலுத்துவிட்டால் புதியது தேடி ஓடாதீர்கள். அதே கதையைக் குரங்கு சொல்லட்டும், பிறகு கடைக்காரர் சொல்லட்டும்.