கள ஆய்வில் எடுத்த எடுப்பில் ‘ஏன்’ என்று கேட்காதீர்கள்

ஆடி மாதம் வடசென்னையின் மீனவர் பகுதியான காசிமேட்டுப் பக்கம் போகும் மானிடவியல் மாணவர்கள் பலரும் செய்கிற தவறை நானும் செய்தேன். தெரு அம்மன் கோயிலில் கூழ் ஊற்றிக்கொண்டிருந்த அக்காவிடம், “ஏன்கா கூழ் ஊத்துறீங்க?” என்று கேட்டேன். “ஆடியில அம்மை வரும் தம்பி, கூழு குளிர்ச்சி” என்றார். டிவியில் வருஷா வருஷம் வரும் அதே பதில். நோட்டில் எழுதிக்கொண்டு, சடங்கு புரிந்துவிட்டது என்று கிளம்பினேன்.

மறுவருஷம் விடியற்காலையிலேயே போய் அண்டா பக்கத்தில் உட்கார்ந்தேன். கேழ்வரகு மாவு யார் வீட்டிலிருந்து வந்தது, கருவாட்டுக் குழம்பு யார் அடுப்பில் கொதித்தது, முதல் சொம்பு யாருக்குப் போனது என்று மட்டும் குறித்துக்கொண்டேன். “போன வருஷம் ரெண்டு அண்டா இருந்துச்சேக்கா?” என்றேன். “அப்ப நாத்தனார் வூட்டோட பேச்சுவார்த்த இல்ல தம்பி” என்றார். அம்மையும் குளிர்ச்சியும் பொய்யல்ல. ஆனால் தெருவின் உறவும் பிணக்கும் அந்த அண்டாவில்தான் தெரிந்தன. ‘ஏன்’ என்றால் வெளியாளுக்கென்று வைத்திருக்கும் பதில்தான் வரும். யார், எப்போது, எவ்வளவு, போன தடவை எப்படி என்று கேளுங்கள்.

மதத்தைக் கட்டம் போட்டு டிக் அடிப்பது அடுத்த தவறு. பக்கத்திலிருக்கும் இராயபுரம் என்ற பெயரே ராயப்பர், அதாவது புனித பேதுரு பெயரால் வந்தது என்பார்கள். மாதா கோயிலில் மெழுகுவத்தி ஏற்றிவிட்டு, வெள்ளிக்கிழமை திருவொற்றியூர் வடிவுடையம்மனைக் கும்பிடப் போகிறவர்கள் இங்கே உண்டு. படிவத்தில் அவர் ‘இந்து’ என்பார். எந்தக் கஷ்டத்துக்கு எங்கே வேண்டிக்கொண்டார் என்று கேட்டால்தான் அவருடைய சாமிகள் எல்லாம் வெளியே வரும். நூலில் உள்ள சமூகம் வேறு, களத்தில் காணும் சமூகம் வேறு என்று சமூகவியலாளர் எம்.என். சீனிவாஸ் வற்புறுத்தியது இதைத்தான்.

காலம் பார்த்துப் போங்கள். கல்லூரி லீவு என்று மே மாதம் வந்து, ஆண்கள் கேரம் ஆடுவதைப் பார்த்து ‘வேலையில்லாதவர்கள்’ என்று எழுதியவர்கள் உண்டு. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, 61 நாள், விசைப்படகுகளுக்கு மீன்பிடித் தடைக்காலம். அதே ஆண்களைத் தடை முடிந்தபின் அதிகாலை ஏலத்தில் போய்ப் பாருங்கள். அங்கே கூடை தூக்கும் பெண்களிடமும் பேசுங்கள். மீன் எடுக்க அன்றைய முதலுக்கு என்ன வட்டி என்று சங்கத் தலைவர் சொல்லமாட்டார், அவர்கள் சொல்வார்கள்.

எழும்பூர் மியூசியத்தின் கண்காணிப்பாளராக இருந்த எட்கர் தர்ஸ்டன், மனிதர்களின் மூக்கையும் தலையையும் அளந்தவர். தென்னிந்திய சாதிகளையும் பழங்குடிகளையும் பற்றி 1909இல் ஏழு தொகுதிகள் வெளியிட்டார். அங்காளம்மன் திருவிழாவான மயானக் கொள்ளையில் அருள் வந்து ஆடும் பெண்ணின் முகத்துக்கு நேரே, கேட்காமல் செல்போனை நீட்டுகிறவரும், மனிதரைப் பொருளாகப் பார்க்கும் அதே வேலையைத்தான் செய்கிறார். எனக்கு அதில் சந்தேகமே இல்லை.

எழுதியதை அவர்களிடமே படித்துக் காட்டாமல் விடாதீர்கள். அந்த அக்காவுக்குப் படித்துக் காட்டியபோது, ‘இவர் கூழ் ஊற்றுகிறார்’ என்ற வரியில் என்னை நிறுத்தினார். “நான் இல்ல தம்பி. அது எங்க மாமியா வேண்டுதலு. அவுங்க போயி ஆறு வருஷம் ஆவுது, நான் வுடாம ஊத்துறேன்.”