கட்டைவிரலை வைத்தே உடற்கூறியல் பெயர்களைப் படிப்பது எப்படி?

நர்சிங், பிசியோதெரபி, லேப் டெக்னீஷியன் என்று எந்தப் படிப்பில் சேர்ந்தாலும் முதல் மாதமே அனாட்டமி புத்தகம் மிரட்டும். 'எக்ஸ்டென்சர் பாலிசிஸ் லாங்கஸ்' மாதிரி பெயர்களை உருப்போட்டே தீர வேண்டும் என்று பலர் உட்கார்ந்துவிடுகிறார்கள். தேவையில்லை. உங்கள் வலது கட்டைவிரல் போதும். குழப்பம் அதிகமுள்ள இடமே அதுதான் என்பதால், அங்கே பிடிபட்டது மற்ற இடங்களில் தானாக வரும்.

படி 1: நின்று பாருங்கள்

எழுந்து நேராக நில்லுங்கள். கைகளைத் தொங்கவிட்டு, உள்ளங்கை முன்பக்கம் பார்க்கும்படி திருப்புங்கள். இதுதான் அனாட்டமிக்கல் பொசிஷன். நோயாளி குப்புறப் படுத்திருந்தாலும், இடம் குறிக்கும்போது அவர் இப்படி நிற்பதாகவே வைத்துக்கொள்ள வேண்டும். இடது, வலது என்பதும் அவருடையதுதான், பார்க்கிற நம்முடையது அல்ல.

உடம்பின் நடுக்கோட்டை ஒட்டிய பக்கம் மீடியல், விலகிய பக்கம் லேட்டரல். இந்த நிலையில் கட்டைவிரல் லேட்டரல், சுண்டுவிரல் மீடியல். அப்படியே குனிந்து பாதத்தைப் பாருங்கள்: கால் பெருவிரல் உள்பக்கம், அதாவது மீடியல். கருவில் வளரும்போது கையும் காலும் எதிரெதிராகத் திரும்புவதால் வந்த வினை இது. கையைப் பொறுத்தவரை நான் சிபாரிசு செய்வது ரேடியல், அல்னார் என்ற ஜோடியைத்தான். முன்கையில் கட்டைவிரல் பக்கம் ரேடியஸ் எலும்பு, சுண்டுவிரல் பக்கம் அல்னா. கையை எப்படித் திருப்பினாலும் இது மாறாது.

படி 2: எலும்பை எண்ணுங்கள்

ஒரு கையில் 27 எலும்புகள். மணிக்கட்டில் 8, உள்ளங்கையில் 5, விரல்களில் 14. விரல் எலும்புக்கு ஃபேலன்க்ஸ் என்று பெயர். மற்ற விரல்களுக்கு மூன்று ஃபேலன்க்ஸ், கட்டைவிரலுக்கு இரண்டுதான்: உள்ளங்கையை ஒட்டியது ப்ராக்ஸிமல், நகத்துக்கு அடியில் இருப்பது டிஸ்டல். கட்டைவிரலுக்கு 'மிடில் ஃபேலன்க்ஸ்' என்று எழுதினால் மார்க் போச்சு.

விரல்களுக்கு எண் உண்டு, கட்டைவிரல் 1, சுண்டுவிரல் 5. ஆனாலும் குறிப்பில் பெயரையே எழுதுங்கள். கட்டைவிரலை விட்டுவிட்டு எண்ணுகிறவர்களும் இருப்பதால், '2வது விரல்' என்பது ஒருவருக்குச் சுட்டுவிரல், இன்னொருவருக்கு நடுவிரல்.

படி 3: அசைத்துப் பாருங்கள்

இங்கே நிதானமாக இருங்கள். புறங்கை மேஜையில் படும்படி வலது கையை வையுங்கள். நான்கு விரல்களின் நகமும் மேஜையைப் பார்க்கும், கட்டைவிரல் நகம் மட்டும் பக்கவாட்டில் திரும்பியிருக்கும். அதனால் அதன் அசைவுகளும் திரும்பியே இருக்கின்றன.

கட்டைவிரலை உள்ளங்கையை விட்டு விலக்கி, கூரையை நோக்கித் தூக்குங்கள். அது அப்டக்‌ஷன். திரும்ப இறக்கினால் அடக்‌ஷன். உள்ளங்கையின் குறுக்கே மடக்கினால் ஃப்ளெக்‌ஷன். மேஜையை ஒட்டியபடியே வெளிப்பக்கம் விரித்தால் எக்ஸ்டென்‌ஷன். இந்தக் கடைசி அசைவைத்தான் 'விலகுகிறதே, அப்டக்‌ஷன்' என்று எழுதிவிடுவார்கள். மற்ற விரல்களுக்கு அது சரி, கட்டைவிரலுக்குச் சரியில்லை. நுனியால் சுண்டுவிரல் நுனியைத் தொடுவது ஆப்பொசிஷன். பேனா பிடிப்பதும் பட்டன் போடுவதும் இதன் தயவில்தான். மணிக்கட்டின் ட்ரெபீசியம் எலும்பும், கட்டைவிரலுக்கான உள்ளங்கை எலும்பான முதல் மெட்டகார்ப்பலும் சேணம் போல ஒன்றன்மேல் ஒன்று பொருந்துவதால் இது முடிகிறது.

படி 4: பெயரை உடையுங்கள்

இப்போது அந்த நீளமான பெயர்களுக்கு வருவோம். முதல் சொல் வேலை, இரண்டாவது இடம், மூன்றாவது அளவு. பாலிசிஸ் என்றால் கட்டைவிரலின். ஹாலூசிஸ் என்றால் கால் பெருவிரலின். லாங்கஸ் நீளமானது, பிரெவிஸ் குட்டையானது. ஆக, ஃப்ளெக்சர் பாலிசிஸ் லாங்கஸ் என்பது கட்டைவிரலை மடக்கும் நீளத் தசை.

கட்டைவிரலின் அடிக்கணுவை இடது கையால் பிடித்துக்கொண்டு, நுனிக்கணுவை மட்டும் மடக்குங்கள். அதைச் செய்வது இந்த ஒரு தசைதான். சதை முன்கையில் இருக்கிறது, விரல் வரை வருவது தசைநாண். மணிக்கட்டில் வெட்டுக்காயத்தோடு வருபவரிடம் நுனியை மடக்கச் சொல்லிப் பார்ப்பது, நாண் அறுந்திருக்கிறதா என்று தெரிந்துகொள்ளத்தான்.

படி 5: குழியைத் தேடுங்கள்

கட்டைவிரலை நன்றாக விரித்து மேலே தூக்குங்கள். அதன் அடியில், மணிக்கட்டுப் பக்கம், இரண்டு நாண்களுக்கு நடுவே ஒரு குழி விழும். பெயர் ஸ்னஃப்பாக்ஸ், மூக்குப்பொடி வைத்து உறிஞ்சிய இடம். மெதுவாக விரல் வைத்தால் ரேடியல் தமனியின் துடிப்பு கிடைக்கும். அடியில் இருப்பது ஸ்கேஃபாய்டு எலும்பு. கையை ஊன்றி விழுந்தவருக்கு இங்கே அழுத்தினால் வலித்தால் ஸ்கேஃபாய்டு முறிவைச் சந்தேகிப்பார்கள். முதல் எக்ஸ்ரேயில் அது தெரியாமலே போகலாம். அதனால்தான் கட்டுப் போட்டு அனுப்பிவிட்டு, 10 முதல் 14 நாள் கழித்து மறுபடி பார்ப்பது.

படி 6: மேலே ஏறுங்கள்

மிச்சம் வேகமாகப் போகும். மணிக்கட்டு கார்ப்பஸ், முன்கை ஆன்டிபிரேக்கியம், ரத்தம் எடுக்கும் முழங்கை மடிப்பு க்யூபிட்டல் ஃபோசா, பிபி பட்டை கட்டும் மேல்கை பிரேக்கியம், அக்குள் ஆக்சிலா. நாம் 'கை' என்றால் தோள் முதல் விரல் வரை. அனாட்டமியில் 'ஆர்ம்' என்றால் தோளுக்கும் முழங்கைக்கும் நடுவே மட்டும். அதேபோல 'லெக்' முழங்காலுக்குக் கீழேதான்.

காலில் தொடையிடுக்கு இங்குவினல், முழங்காலின் பின்மடிப்பு பாப்லிட்டியல், கெண்டைக்கால் சூரல், உள்ளங்கால் ப்ளான்டார். தமிழில் குறிப்பெடுப்பவர்களுக்கு ஓர் எச்சரிக்கை: புறங்கைப் பக்கத்தைச் சொல்லும் சொல்லும் (dorsal), கணுக்காலை ஒட்டிய பாத எலும்புகளைச் சொல்லும் சொல்லும் (tarsal) நம் எழுத்தில் 'டார்சல்' என்றே வரும். பக்கத்தில் 'புறம்', 'எலும்பு' என்று ஒரு வார்த்தை சேர்த்து எழுதிக்கொள்ளுங்கள்.