ஆர்ட்டிகிள் நம்பர் தெரியும், அதிகாரம் யாருடையது?

தருமபுரியில் ஞாயிற்றுக்கிழமை தோறும் குரூப் 2, குரூப் 4 தேர்வுக்குப் படிப்பவர்களுக்கு பாலிட்டி எடுக்கிறேன். அரசியல் சாசனப் பிரிவு எண்களில் இவர்களை அசைக்க முடியாது. 356 என்றால் குடியரசுத் தலைவர் ஆட்சி, 161 என்றால் ஆளுநரின் தண்டனைக் குறைப்பு, 226 என்றால் உயர் நீதிமன்றத்தின் பேராணை. தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் வந்துவிடும். போன மாதம் அரூர் பக்கத்திலிருந்து வரும் ஒரு பெண் கேட்டாள்: “போன தடவைக்கு முந்தின தடவை எங்க எம்எல்ஏ ராஜினாமாவே பண்ணல. வேற கட்சியிலயும் சேரல. அப்புறம் எப்படி சார் பதவி போச்சு?” பத்தாவது அட்டவணை, 52-வது திருத்தம், 1985 என்று மூன்று பேர் ஒரே நேரத்தில் குரல் கொடுத்தார்கள். அவள் கேட்டது அதையல்ல.

செய்தி வந்ததும் யாருக்கு லாபம், யாருக்கு அடி என்று பார்த்துவிடுகிறோம். எந்த அதிகாரத்தில் செய்தார்கள், அந்த அதிகாரம் உண்மையில் யார் கையில் இருக்கிறது என்பதை அப்புறம் பார்க்கலாம் என்று விட்டுவிடுகிறோம். நான் பார்த்தவரை மற்ற தவறுகளெல்லாம் இதிலிருந்துதான் கிளைவிடுகின்றன. வெளியூர் உதாரணமே வேண்டாம். தருமபுரி, கிருஷ்ணகிரி இரண்டு மாவட்டங்களில் நடந்ததே போதும்.

முதலில் அரூர் கேள்வி. 2017 ஆகஸ்ட் 22 அன்று அதிமுக எம்எல்ஏக்கள் 19 பேர் ஆளுநரைப் பார்த்து, முதலமைச்சர் எடப்பாடி பழனிசாமிக்குக் கொடுத்த ஆதரவைத் திரும்பப் பெறுவதாகக் கடிதம் கொடுத்தார்கள். ஒருவர் பிறகு மனம் மாறித் திரும்பிவிட்டார். மீதி 18 பேரை செப்டம்பர் 18 அன்று சபாநாயகர் தனபால் தகுதி நீக்கம் செய்தார். அரூரும் பாப்பிரெட்டிப்பட்டியும் அந்தப் பதினெட்டில் அடக்கம்.

கட்சித் தாவல் தடைச் சட்டம் என்பதுதான் அந்தப் பத்தாவது அட்டவணை. அதில் கட்சி எம்எல்ஏவின் பதவி போக முக்கியமாக இரண்டு வழிகள் உண்டு. ஒன்று, கொறடா உத்தரவை மீறி வாக்களிப்பது. இன்னொன்று, கட்சி உறுப்பினர் என்ற நிலையைத் தாமாக முன்வந்து விட்டுவிடுவது. இந்த இரண்டாவதை ராஜினாமா கடிதம் என்று எடுத்துக்கொள்வதுதான் தவறு. ரவி நாயக் வழக்கில் 1994-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது: கடிதம் வேண்டியதில்லை, ஒருவருடைய நடத்தையை வைத்தே கட்சியை விட்டுவிட்டார் என்று முடிவுக்கு வரலாம். சரி, சொந்தக் கட்சி முதலமைச்சருக்கு எதிராக ஆளுநரிடம் கடிதம் கொடுப்பது அப்படிப்பட்ட நடத்தையா? சண்டை முழுக்க அதில்தான். 2018 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றத்தில் இரண்டு நீதிபதிகள் இரண்டு விதமாகத் தீர்ப்பு எழுதினார்கள். மூன்றாவது நீதிபதி அக்டோபரில் சபாநாயகர் செய்தது செல்லும் என்றார். ஒரே கடிதத்தைப் படித்து இரண்டு நீதிபதிகள் எதிரெதிர் முடிவுக்கு வர முடியும் என்றால் வகுப்பில் நம்ப மறுக்கிறார்கள். யாரோ யாரையோ ‘கவனித்திருப்பார்கள்’ என்று சிரிக்கிறார்கள். சாசனத்தின் வாசகமே இரண்டு பக்கமும் இழுக்க இடம் கொடுக்கிறது என்பது அவ்வளவு சுலபத்தில் மனதில் இறங்குவதில்லை.

இதே கதைக்கு மறுபக்கமும் உண்டு. அதே ஆண்டு பிப்ரவரி 18 அன்று நம்பிக்கை வாக்கெடுப்பில் ஓ. பன்னீர்செல்வம் அணியின் 11 பேர் அரசுக்கு எதிராகவே வாக்களித்தார்கள். அவர்கள் பதவிக்கு ஒன்றும் ஆகவில்லை. மூன்று ஆண்டுகள் கழித்து வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய், சபாநாயகரே முடிவெடுக்கட்டும் என்று திரும்பி வந்தது. எத்தனை நாளுக்குள் முடிவெடுக்க வேண்டும் என்று பத்தாவது அட்டவணையில் எழுதவில்லை. முடிவெடுக்கும் சபாநாயகரோ ஆளும் கட்சியில் நின்று ஜெயித்தவர். நடுவர் பொறுப்பை ஆட்டக்காரரில் ஒருவரிடம் கொடுத்தது அந்தச் சட்டத்தின் ஊனம் என்பது என் கருத்து. வழக்கு நடந்த காலத்தில் இடைத்தேர்தலும் நடக்கவில்லை. 2019 ஏப்ரலில் மக்களவைத் தேர்தலோடு சேர்த்துத்தான் நடந்தது. ஏறக்குறைய 20 மாதம் அரூருக்கும் பாப்பிரெட்டிப்பட்டிக்கும் எம்எல்ஏ இல்லை.

அடுத்தது எல்லாரும் செய்யும் தவறு: “மக்களே ஓட்டுப் போட்டுவிட்டார்கள், கோர்ட் யார் கேட்பதற்கு?”

2001 தேர்தலில் ஜெயலலிதா நான்கு தொகுதிகளில் மனு போட்டார். அதில் கிருஷ்ணகிரியும் ஒன்று. இந்தப் பகுதி அவருக்குப் புதிதல்ல. 1991-இல் பர்கூரில் ஜெயித்தவர், 1996-இல் அங்கேயே தோற்றவர். ஆண்டிப்பட்டியிலும் கிருஷ்ணகிரியிலும் மனு தள்ளுபடியானதற்குக் காரணம், 2000 அக்டோபரில் டான்சி (அரசு நிறுவனம்) நில வழக்கில் வந்த மூன்றாண்டு சிறைத் தண்டனை. புவனகிரியிலும் புதுக்கோட்டையிலும் காரணம், இரண்டு தொகுதிகளுக்கு மேல் மனு போட்டது. ஆக அவர் எங்கும் போட்டியிடவே இல்லை. ஆனால் அவருடைய கட்சி தனியாகவே 132 இடங்களில் ஜெயித்தது. மே 14 அன்று ஆளுநர் பாத்திமா பீவி அவருக்கு முதலமைச்சராகப் பதவிப் பிரமாணம் செய்து வைத்தார். எம்எல்ஏவாக இல்லாதவரும் ஆறு மாதம் அமைச்சராக இருக்கலாம் என்கிறது 164(4). அதைத்தான் பிடித்துக்கொண்டார்கள்.

செப்டம்பர் 21 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, பி.ஆர். கபூர் வழக்கில், அந்த நியமனம் செல்லாது என்றது. காரணம் எளிமையானது. ஆறு மாத அவகாசம், அதற்குள் தேர்தலில் நின்று ஜெயித்து வரத் தகுதி உள்ளவருக்கு. நிற்கவே தகுதி இல்லாதவருக்கு அந்தக் கதவு திறக்காது. ஓட்டு எத்தனை விழுந்தாலும் சரி, ஆளுநரே கையெழுத்துப் போட்டாலும் சரி. அன்று பலர் இதை ஜனநாயகத்துக்கு விழுந்த அடி என்றார்கள், வேறு பலர் வெடி வெடித்தார்கள். அடுத்து நடந்ததைச் சேர்த்துப் பார்த்தால் இரண்டும் மிகை. டிசம்பரில் உயர் நீதிமன்றம் அவரை அந்த வழக்கில் விடுவித்தது. 2002 பிப்ரவரியில் ஆண்டிப்பட்டி இடைத்தேர்தலில் ஜெயித்தார். மார்ச் 2 அன்று மறுபடி முதலமைச்சரானார். இந்தத் தடவை யாரும் அசைக்கவில்லை.

இதைக் கேட்டதும் நேர் எதிர்த் திசையில் ஓடுபவர்களும் உண்டு. தேர்தலில் நிற்காதவர் முதலமைச்சரானாலே சாசனத்துக்கு விரோதம் என்பார்கள். அவர்களை ஓசூர் பக்கம் தொரப்பள்ளிக்குக் கூட்டிப்போக வேண்டும். அங்கே பிறந்த ராஜாஜி 1952 தேர்தலில் நிற்கவில்லை. காங்கிரசுக்கு 375-இல் 152 இடம்தான், பெரும்பான்மை இல்லை. ஆளுநர் ஸ்ரீபிரகாசா அவரை மேலவைக்கு நியமன உறுப்பினராக்கி ஆட்சி அமைக்கக் கூப்பிட்டார். கம்யூனிஸ்ட் தலைவர் பி. ராமமூர்த்தி உயர் நீதிமன்றம் போனார், வழக்கு நிற்கவில்லை. அரசியல் நாகரிகம் என்று பார்த்தால் எனக்கு அது கொல்லைப்புற வழிதான். ஆனால் ராஜாஜிக்குத் தகுதிக் குறைவு எதுவும் இல்லை, மேலவைக்கு நியமிக்கும் அதிகாரம் ஆளுநரிடம் இருந்தது. பிடிக்கவில்லை என்பதும் செல்லாது என்பதும் வேறு வேறு. தேர்வு எழுதுகிறவர்கள் இதைக் கலந்தால் மார்க் போகும். நாளை மனு எழுதும் நிலைமைக்கு வந்தால் வழக்கே போகும்.

ஓசூர் என்றதும் இன்னொன்று. 2019 ஜனவரியில் அந்தத் தொகுதி எம்எல்ஏவாகவும் அமைச்சராகவும் இருந்தவருக்கு 1998-ஆம் ஆண்டுக் கல்வீச்சு வழக்கு ஒன்றில் மூன்றாண்டு தண்டனை வந்தது. “அப்பீல் போட்டாச்சுன்னா பதவி தப்பிச்சிடும்” என்று அப்போது உறுதியாகச் சொன்னவர்கள் பலர். 2013-க்கு முன்பாக இருந்தால் அது சரி. மூன்று மாத அவகாசம் இருந்தது. உச்ச நீதிமன்றத்தின் லில்லி தாமஸ் தீர்ப்பு அதை எடுத்துவிட்டது. இரண்டு ஆண்டோ அதற்கு மேலோ தண்டனை என்றால் அன்றைக்கே தகுதி போகும். ஜெயிலுக்குப் போகாமல் தண்டனையை மட்டும் நிறுத்தி வைத்தால் போதாது. குற்றவாளி என்ற தீர்ப்பையே மேல் நீதிமன்றம் நிறுத்தி வைக்க வேண்டும். செய்தித்தாளில் ‘தண்டனை நிறுத்திவைப்பு’ என்று படித்தால் இரண்டில் எது என்று பாருங்கள்.

இலக்கியம்பட்டி பற்றிப் பேசாமல் தருமபுரிக்காரன் இதை எழுத முடியாது. 2000 பிப்ரவரி 2 அன்று அங்கே எரிக்கப்பட்ட பஸ்ஸில் கோவை வேளாண் பல்கலைக்கழக மாணவிகள் மூன்று பேர் உயிரோடு எரிந்து இறந்தார்கள். மூன்று பேருக்குத் தூக்குத் தண்டனை வந்தது. 2016-இல் சீராய்வு மனுவில் உச்ச நீதிமன்றம் அதை ஆயுள் தண்டனையாகக் குறைத்தது. 2018 நவம்பரில் அவர்கள் வெளியே வந்தார்கள். “கோர்ட் விட்டுவிட்டது” என்று இன்றும் பலர் சொல்கிறார்கள். கோர்ட் விடவில்லை, தூக்கைக் குறைத்ததோடு அதன் வேலை முடிந்தது. வெளியே விட்டது 161-வது பிரிவு. அப்படியானால் ஆளுநரைத் திட்டலாமா? ஆளுநர் மாளிகை அப்போது சொன்னதன்படி கோப்பு முதலில் திருப்பி அனுப்பப்பட்டது, அரசு மறுபடி அனுப்பியது, பிறகுதான் கையெழுத்து. எம்ஜிஆர் நூற்றாண்டை ஒட்டி நெடுநாள் கைதிகளை விடுவிப்பது மாநில அரசின் முடிவு.

அதே 2018 செப்டம்பரில் பேரறிவாளன் உள்ளிட்டோரை விடுவிக்கச் சொல்லி அதே அமைச்சரவை அதே ஆளுநருக்கு அனுப்பிய பரிந்துரை கிடப்பில் கிடந்தது, கடைசியில் குடியரசுத் தலைவருக்குப் போனது. 2022 மே 18 அன்று உச்ச நீதிமன்றம், முழு நீதி கிடைக்கத் தேவையான உத்தரவு போட இடம் தரும் 142-வது பிரிவைப் பயன்படுத்திப் பேரறிவாளனை விடுவித்தது. 161-இல் அமைச்சரவை சொல்வதற்கு ஆளுநர் கட்டுப்பட்டவர் என்று தெளிவாகவும் சொன்னது. இலக்கியம்பட்டி விடுதலையில் எனக்குக் கொஞ்சமும் உடன்பாடு கிடையாது. ஆனால் அந்தக் கேள்வியை ஓட்டுக் கேட்டு வந்தவர்களிடம் கேட்டிருக்க வேண்டும். நாமோ கிண்டி ராஜ்பவன் பக்கம் திரும்பிக் கேட்டுக்கொண்டிருந்தோம், கேட்கப்பட வேண்டியவர்களுக்கு அது வசதியாகப் போயிற்று.

ஒரு எச்சரிக்கை: 161-இல் சொன்னதை அப்படியே மசோதா விவகாரத்துக்குத் தூக்கிக்கொண்டு போகாதீர்கள். சட்டமன்றம் நிறைவேற்றிய மசோதாவுக்கு ஆளுநர் ஒப்புதல் தருவது 200-வது பிரிவு. 2025 ஏப்ரலில் இரண்டு நீதிபதிகள் ஆளுநருக்குக் காலக்கெடு வைத்தார்கள். அதே நவம்பரில் ஐந்து நீதிபதிகள், குடியரசுத் தலைவர் கேட்ட கேள்விகளுக்குப் பதிலாக, நீதிமன்றம் அப்படிக் காலக்கெடு விதிக்க முடியாது என்றார்கள். ஏப்ரல் மாத நோட்ஸை வைத்துக்கொண்டு இன்னும் படிப்பவர்கள் இருக்கிறார்கள்.

வன்னியர்களுக்கான 10.5 சதவீத உள் ஒதுக்கீடு பற்றி வகுப்பில் பேசினால் குரல் உயரும், தருமபுரியில் அது இயல்பு. 2021 பிப்ரவரி 26 அன்று அதற்கான சட்டம் சட்டமன்றத்தில் நிறைவேறியது, அன்றைக்கே தேர்தல் தேதியும் அறிவிக்கப்பட்டது. நவம்பர் 1 அன்று மதுரைக் கிளை ரத்து செய்தது, 2022 மார்ச் 31 அன்று உச்ச நீதிமன்றமும் ரத்தை உறுதி செய்தது. ஒரு தரப்பு ‘கோர்ட் எங்களுக்கு எதிரி’ என்றது, மறு தரப்பு ‘உள் ஒதுக்கீடே தப்பு என்று கோர்ட் சொல்லிவிட்டது’ என்றது. தீர்ப்பில் இரண்டும் இல்லை. இப்படிச் சட்டம் போட மாநிலத்துக்கு அதிகாரம் உண்டு என்றே உச்ச நீதிமன்றம் சொன்னது. அந்த இடத்தில் உயர் நீதிமன்றம் சொன்னதைத் திருத்தியது. சட்டம் விழுந்த இடம் புள்ளிவிவரம். ஒரு சாதியைத் தனியாகப் பிரித்து இவ்வளவு கொடுக்க, பழைய கணக்கும் மக்கள்தொகையும் மட்டும் போதாது, இன்றைய நிலவரத்தைக் காட்டும் தரவு வேண்டும் என்றது. யார் மீது கோபப்படுவது என்பது இதைப் படித்தால் மாறும்.

ஆற்று விவகாரத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். தென்பெண்ணையின் துணை ஆறான மார்கண்டேய நதியில், யார்கோல் பக்கம், கர்நாடகம் அணை கட்டியபோது கேஆர்பி (கிருஷ்ணகிரி) அணைப் பாசனக்காரர்கள் கேட்டது: சுப்ரீம் கோர்ட் ஏன் தடுக்கவில்லை? தமிழ்நாடு 2018-இல், ஒரு மாநிலம் இன்னொரு மாநிலத்தின் மீது நேரடியாக உச்ச நீதிமன்றம் போக வழி தரும் 131-வது பிரிவில் வழக்குப் போட்டது. 2019 நவம்பரில் நீதிமன்றம் தடை தரவில்லை. மாநிலங்களுக்கு இடையிலான நதிநீர்த் தகராறுக்கு 262-வது பிரிவும் 1956-ஆம் ஆண்டுச் சட்டமும் தீர்ப்பாயம் என்று தனி வழி வைத்திருக்கின்றன. அதை அமைக்கச் சொல்லி மத்திய அரசிடம் போங்கள் என்றது.

கடைசியாகத் தீர்ப்பைப் படிக்கும் முறை. ‘சுப்ரீம் கோர்ட் அதிரடி’ என்று வரும் செய்திகளில் பாதி, விசாரணையின்போது நீதிபதி வாயால் சொன்ன கருத்து. உத்தரவில் அது இருக்காது. உச்ச நீதிமன்றத் தீர்ப்புகள் அதன் தளத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன, பலவற்றுக்குத் தமிழ் மொழிபெயர்ப்பும் இருக்கிறது. கடைசிப் பக்கத்திலிருந்து தொடங்குங்கள். என்ன உத்தரவு என்று பார்த்துவிட்டு, முன்னால் வந்து என்னென்ன கேள்விகளை எடுத்துக்கொண்டார்கள் என்று பாருங்கள். இடையில் உள்ள நூறு பக்கத்தை அப்புறம் படிக்கலாம். அரூர்ப் பெண்ணிடம் கபூர் தீர்ப்பை இப்படித்தான் கொடுத்தேன். அடுத்த வாரம் வந்து கேட்டாள்: “நியமனமே செல்லாதுன்னா, அந்த நாலு மாசம் அவங்க போட்ட கையெழுத்தெல்லாம் என்ன சார் ஆச்சு?” அதற்கும் பதில் அந்தக் கடைசிப் பக்கங்களிலேயே இருக்கிறது: மற்றபடி சட்டப்படி செய்த வேலைகள், நியமனம் ரத்தானதால் மட்டும் பாதிக்கப்படாது.