பதினேழரை லட்சமும் ஒரு பவளக் கல்லும்: காலக்கணக்கில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

தனுஷ்கோடியில் இடிந்து நிற்கும் தேவாலயச் சுவரைக் கிட்டப் போய்ப் பாருங்கள். கல்லில் பூப்பூவாகக் குழிகள் தெரியும். பவளக் கல் அது. அங்கே படம் எடுத்துக்கொள்பவர்கள் அப்படியே அரிச்சல்முனைக்குப் போய், "ராமர் பாலத்துக்கு வயது பதினேழரை லட்சம்" என்று வாட்ஸ்அப்பில் போடுவார்கள். விண்வெளியிலிருந்து எடுத்த நாசா படத்தோடு 2002-ல் பரவிய எண் அது. படத்தை வைத்து வயது சொல்ல முடியாது என்று நாசாவே சொன்ன பிறகும் எண் நிற்கவில்லை.

இங்கே முதல் தவறு, ஒரு கணக்கை இன்னொரு கணக்கோடு கலப்பது. கலியுகம் 4,32,000 ஆண்டு, துவாபரம் 8,64,000, திரேதா 12,96,000. இன்றிலிருந்து பின்னோக்கி எண்ணினால் பதினேழரை லட்சம், ராமரின் யுகமான திரேதாவுக்குள் அழகாக விழும். பஞ்சாங்கத்தில் அது அதன் இடத்தில் இருக்கட்டும். ஆனால் அதையே "கார்பன் டெஸ்டில் வந்தது" என்றால் மீன் தராசில் லாரியை நிறுத்திய கதைதான். உயிருள்ளவை உடம்பில் சேர்க்கும் கார்பன்-14, அவை செத்த பிறகு பாதியாகக் குறைய 5730 ஆண்டு. 50,000 ஆண்டில் சுமார் நானூறில் ஒரு பங்குதான் மிஞ்சும். அதற்கு மேல் அளக்க எதுவும் இருக்காது.

கார்பனிலும் நம் கரைக்கென்று ஒரு சிக்கல் உண்டு. சங்கு, சிப்பி, பவளம் எல்லாம் கடல்நீரிலிருந்து கார்பனை எடுப்பவை. அந்த நீரில் இருப்பது கொஞ்சம் பழைய கார்பன். அதனால் பழைய சிப்பி ஒன்று தன் உண்மை வயதைவிட சுமார் 400 ஆண்டு கூடுதல் பழசாகத் தெரியும். திருத்தம் செய்த தேதியா, செய்யாததா என்று கேட்காமல் பவளத்தின் வயதை எடுத்து எழுதக் கூடாது.

அடுத்தது பி.பி. இரத்த அழுத்தம் இல்லை. "இன்றைக்கு முன்" என்பதன் ஆங்கிலச் சுருக்கம். அந்த "இன்று" 1950-ஆம் ஆண்டு. திருத்திய தேதி 4000 பி.பி. என்றால் அது கி.மு. 2051. ஏன் 2050 இல்லை? கி.மு. 1-க்கு அடுத்தது நேராக கி.பி. 1, நடுவில் சுழி ஆண்டு கிடையாது. பவளத்துக்கு ஒரு வருஷம் பெரிய விஷயமில்லை, சரி. ஆனால் "4000 ஆண்டுகளுக்கு முன்" என்பதை "கி.மு. 4000" என்று எழுதினால் ஏறக்குறைய இரண்டாயிரம் ஆண்டு பிசகும். நான் அதிகம் பார்க்கும் தவறு இதுதான்.

மில்லியன் என்றால் 10 லட்சம், பில்லியன் 100 கோடி. 1,750,000 என்ற எண்ணில் கமாவை நகர்த்தி 17,50,000 என்று எழுதும்போது சுழிகளை ஒருமுறை எண்ணிவிடுங்கள். பூமியின் வயது 4.54 பில்லியன், அதாவது 454 கோடி ஆண்டு. அதை 45 கோடியாக்கி எழுதுபவர்கள் உண்டு. ஒளியாண்டு தூரம், காலமில்லை.

தேதியும் கால அளவும் வேறு என்பதையும் பலர் கவனிப்பதில்லை. சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன், பனியுகத்தின் உச்சத்தில், கடல் இன்றைவிட ஏறத்தாழ 120 மீட்டர் தாழ்ந்திருந்தது. அன்றைக்குப் பாக் நீரிணை வெறும் தரை. இதையே "20,000 ஆண்டு தரையாக இருந்தது" என்று எழுதினால் முழுக்க வேறு செய்தி.

நம் ஆண்டுப் பெயர்களிலும் இந்த வம்பு உண்டு. அறுபதுக்கு ஒருமுறை திரும்பி வருபவை அவை. தனுஷ்கோடியை அழித்த 1964 டிசம்பர் புயல் குரோதி வருஷம் மார்கழியில் அடித்தது. 2024 டிசம்பரின் பின்பாதியும் குரோதி மார்கழிதான். தாத்தா "குரோதிப் புயல்" என்றால் வீட்டில் இருப்பவர்களுக்குப் புரியும். எழுதும்போது பக்கத்தில் 1964 என்று போட்டுவிடுங்கள்.