‘மஹல்’ படத்தை ஊர் முற்றத்தில் போடுவதென்றால்

கமால் அம்ரோஹி இயக்கி 1949இல் வந்த ‘மஹல்’ ஹிந்திப் படத்தில் பயம் வருவது இருட்டாலும் தூரத்துக் குரலாலும்தான். சனசமூக நிலைய முற்றத்தில் போடுவோர் இந்த இரண்டையும் காப்பாற்ற வேண்டும்.

போயா (முழுநிலா நாள்) விடுமுறைக்குச் சனம் கூடும், ஆனால் அன்று வைக்காதீர்கள். பறுவ நிலவு திரைச் சீலையில் பட்டால் ஜோசப் விர்ஷிங் ஒளிப்பதிவின் கறுப்பெல்லாம் சாம்பலாகிவிடும். அமாவாசையை ஒட்டிய சனிக்கிழமை நல்லது. மழை பெய்த கையோடு போட்டால் ஈசல் லென்சை மொய்க்கும்; கோடையே மேல். தென்மேற்கிலிருந்து வீசும் சோளகக் காற்று சீலையை உப்பவைக்காமல் இருக்க, கட்டடத்தின் வடகிழக்குப் பக்கச் சுவரில் கட்டுங்கள். மேலும் கீழும் மடித்துத் தைத்து, கம்பு செருகி, நாலு மூலையும் இழுத்துக் கட்ட வேண்டும்.

படத்தின் அகலத்துக்கும் உயரத்துக்கும் உள்ள விகிதம் கிட்டத்தட்ட 4:3. சீலை 8 அடி அகலம், 6 அடி உயரம் போதும். அகலத்திரை புறொஜெக்ரரில் படத்தை இழுத்து நிரப்பாதீர்கள், நாயகி மதுபாலாவின் முகம் சப்பையாகிவிடும். இரு பக்கமும் விழும் வெற்றுப் பட்டைக்குக் கறுப்புத் துணி தொங்கவிடுங்கள். மோட்டார் சைக்கிள்களைத் திரைக்கு முதுகு காட்டி நிறுத்தச் சொல்லுங்கள்.

சத்தத்தில்தான் பலர் பிழைவிடுகிறார்கள். ‘ஆயேகா ஆனேவாலா’ பாட்டை லதா மங்கேஷ்கர் மைக்குக்குத் தள்ளி நின்று தொடங்கி, பாடிக்கொண்டே கிட்ட வந்தார். குரல் நெருங்குவது அதனால்தான். அம்பிளிபயரில் ‘எக்கோ’வும் சத்தத்தைத் தானாகச் சமன்செய்யும் வசதியும் போட்டிருந்தால் தூரமும் கிட்டவும் ஒன்றாகிவிடும், இரண்டையும் நிறுத்துங்கள். ஸ்பீக்கரைத் திரையோடு ஒட்டி வையுங்கள். பாட்டின் மெல்லிய தொடக்கம் கடைசி வரிசைக்குக் கேட்கும் அளவில் வைத்துவிட்டு, பிறகு தொடவே வேண்டாம். ஜெனறேற்றர் 100 அடி தள்ளி, கட்டடத்துக்குப் பின்னால் இருக்கட்டும். நீள வயருக்குத் தடித்த கம்பி வேண்டும், இல்லாவிட்டால் மின்னழுத்தம் குறைந்து புறொஜெக்ரர் நின்றுவிடும்.

அந்தப் பாட்டு தொடக்கத்திலேயே, நாயகன் மாளிகைக்கு வந்த முதல் இரவிலேயே வந்துவிடும். ஆகவே சனம் சேரட்டும் என்று படத்தை ஓடவிட்டுக் காத்திராதீர்கள். எல்லாரும் இருந்த பிறகே போடுங்கள். ஹிந்தி விளங்காதவர்களுக்கு முன்கதையை மூன்று வசனத்தில் சொல்லுங்கள்: மாளிகையைக் கட்டியவர் ஆற்றில் மூழ்கினார், அவருக்காகக் காத்திருந்த காமினியும் இறந்தாள், புதிதாக வருபவர் தன் முகத்தையே அங்குள்ள உருவப்படத்தில் பார்க்கிறார். முடிவை மட்டும் வாய்விடாதீர்கள்.

சனத்துக்குப் பிடித்தால் அடுத்து ‘மதுமதி’ போடலாம். ‘மஹல்’ படத்தொகுப்பைச் செய்த பிமல் ராய் 1958இல் இயக்கியது. முற்பிறப்புக் கதை அதிலும் உண்டு.