ஒரு கேம், இரண்டு வீடு: கன்சோல் பகிர்வில் எங்கே கோட்டை விடுகிறோம்

புதிதாக வரும் பெரிய கேம் ஒன்றின் விலை தென்னாப்பிரிக்காவில் ஆயிரம் ரேண்டைத் தாண்டிப் பல காலமாகிறது. அண்ணன் ஒரு முறை, தம்பி ஒரு முறை என்று அதையே இரண்டு தடவை வாங்க எந்தக் குடும்பத்துக்கும் மனம் வராது. ஆகவே டர்பன் பக்கம் சாட்ஸ்வொர்த்தில் இருப்பவர் வாங்குவதை ஜோஹானஸ்பர்க் பக்கம் லெனேசியாவில் இருக்கும் சித்தப்பா மகனும் விளையாடுகிறான். ஒரே வீட்டில் இருப்பவர்களுக்காகக் கன்சோலில், அதாவது பிளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸ் போன்ற கேம் பெட்டியில், வைத்த வசதியை நாம் உறவுக்காரர் வீடு வரை நீட்டிக்கொள்கிறோம், அவ்வளவுதான். சிக்கல் என்னவென்றால், பலர் யூடியூபில் ஒரு வீடியோ பார்த்துவிட்டு நான்கு பட்டனைத் தட்டிவிட்டுப் போகிறார்கள். எந்த உரிமை எந்தப் பெட்டியில் போய் உட்கார்ந்தது என்று கேட்டால் தெரியாது.

நீங்கள் டிஜிட்டலாக ஒரு கேம் வாங்கும்போது இரண்டு உரிமைகள் கிடைக்கின்றன. ஒன்று உங்கள் அக்கவுண்டோடு வருவது: எந்தக் கன்சோலில் நீங்கள் லாகின் செய்தாலும் விளையாடலாம், ஆனால் நெட் வேண்டும். மற்றொன்று ஒரு பெட்டியோடு ஒட்டிக்கொள்வது: நீங்கள் குறித்துவைத்த அந்த ஒரே கன்சோலில் யார் வேண்டுமானாலும் அவரவர் அக்கவுண்டில் அந்தக் கேமை விளையாடலாம், நெட் இல்லாமலும். இந்தப் பெட்டி உரிமைக்கு பிளேஸ்டேஷன் 4-இல் ‘பிரைமரி’ என்று பெயர். பிளேஸ்டேஷன் 5-இல் ‘கன்சோல் ஷேரிங் அண்ட் ஆஃப்லைன் ப்ளே’ என்று நீட்டி முழக்கியிருக்கிறார்கள். எக்ஸ்பாக்ஸில் ‘ஹோம் எக்ஸ்பாக்ஸ்’.

பலரும் செய்கிற பெரிய தவறு இங்கேயே தொடங்குகிறது. என் கன்சோல்தானே, என் காசுதானே என்று பெட்டி உரிமையைத் தன் பெட்டியிலேயே வைத்துக்கொள்கிறார்கள். பிளேஸ்டேஷன் 5-இல் முதன்முதலாக லாகின் செய்யும் பெட்டியில் அது தானாகவே ஆன் ஆகிவிடுவதால், நிறையப் பேருக்கு அப்படி ஒன்று இருப்பதே தெரியாது. பிறகு தம்பியின் கன்சோலில் தன் அக்கவுண்டைச் சேர்த்துக் கேமை டவுன்லோட் செய்து கொடுக்கிறார்கள். தம்பி தன் சொந்த அக்கவுண்டில் போய்த் திறந்தால் கேம் திறக்காது. உடனே, “என் அக்கவுண்டிலேயே விளையாடுடா” என்று சொல்லிவிடுகிறார்கள். அதோடு ட்ரோஃபியும் (கேமில் ஜெயித்துச் சேர்க்கும் சின்னங்கள்) சேவ் ஃபைலும் (ஆடிய இடம் வரை சேமித்த பதிவு) ஒன்றோடொன்று குழம்புகின்றன. அண்ணன் உள்ளே வந்தால் தம்பி வெளியே தள்ளப்படுகிறான். போதாததற்கு, தம்பி ஆன்லைனில் யாரையாவது வாய்க்கு வந்தபடி திட்டினால் தடை விழுவது அண்ணன் பெயரில்.

செய்ய வேண்டியது இதற்கு நேர் எதிர். உங்கள் அக்கவுண்டின் பெட்டி உரிமையைத் தம்பியின் கன்சோலில் ஆன் செய்யுங்கள். உங்களுக்கு அக்கவுண்ட் உரிமை இருக்கவே இருக்கிறது. உங்கள் கன்சோலில் லாகின் செய்து விளையாடிக்கொள்ளலாம். தம்பி அவன் அக்கவுண்டில் விளையாடுவான், அவன் சேவ் அவனுக்கு. இருவரும் ஒரே நேரத்தில் ஒரே கேமை ஆடலாம், பெரும்பாலான கேம்களில் சேர்ந்தே ஆடலாம். அவனும் இதே மாதிரி தன் உரிமையை உங்கள் பெட்டியில் வைத்தால், இருவர் வாங்குவதும் இருவருக்கும் ஆகும்.

ஆனால் இப்படி மாற்றி வைப்பதற்கு ஒரு விலை உண்டு. மற்ற நாடுகளில் எழுதப்படும் குறிப்புகள் இதைப் பெரிதாகச் சொல்வதில்லை, லோட்ஷெடிங் என்ற முறைவைத்த மின்வெட்டைக் கண்ட நமக்கோ இதுதான் முக்கியம். உரிமையை வெளியே கொடுத்துவிட்டவர் தன் வீட்டில் தன் கேமைத் திறக்க நெட் தேவை. 2022, 2023-இல் ஸ்டேஜ் 6 வரை பார்த்தோம் (ஸ்டேஜ் எண் ஏற ஏற வெட்டும் கூடும்). 2024 மார்ச்சுக்குப் பிறகு நிலைமை எவ்வளவோ மேல், என்றாலும் 2025 தொடக்கத்தில் மீண்டும் தலைகாட்டியது. கேபிள் திருட்டும் டிரான்ஸ்ஃபார்மர் கோளாறும் தனிக் கதை. இன்வெர்ட்டரில் டிவியும் கன்சோலும் ஓடும். சுவரில் மாட்டிய ஃபைபர் பெட்டிக்கும் ரவுட்டருக்கும் ஒயர் இழுக்க மறந்திருப்போம். அதையும் இழுத்திருந்தால்கூட, தெருமுனையில் இருக்கும் நெட் நிறுவனத்தின் பேட்டரி தீர்ந்து லைன் போய்விடும்.

அப்போதுதான், உங்களோடு உரிமையை மாற்றிக்கொண்ட தம்பியிடமிருந்து போன் வரும். “அண்ணா, நான் வாங்கின கேம் மேல பூட்டு வந்து உக்காந்திருக்கு. நீங்க ஏதாவது மாத்திட்டீங்களா?” யாரும் எதையும் மாற்றியிருக்க மாட்டார்கள். நெட் இல்லாததால் உரிமையைச் சரிபார்க்க முடியவில்லை என்பதுதான் அந்தப் பூட்டுச் சின்னத்தின் பொருள். நெட் வந்த பிறகும் பூட்டு போகவில்லை என்றால் பிளேஸ்டேஷன் 5-இன் செட்டிங்ஸில் யூசர்ஸ் அண்ட் அக்கவுண்ட்ஸ், அதில் அதர், அதில் ‘ரீஸ்டோர் லைசென்சஸ்’ அழுத்தினால் போதும். பதறிப்போய்க் கேமை அழித்துவிட்டு மறுபடி நூறு ஜிபி டவுன்லோட் செய்கிறவர்களும் இருக்கிறார்கள். அது வெட்டிச் செலவு. இருவரும் உரிமைகளை மாற்றிக்கொண்ட வீடுகளில் இன்னொரு வேடிக்கை நடக்கும்: நெட் போன இரவில் நீங்கள் காசு போட்டு வாங்கிய கேம் எதுவும் திறக்காது, தம்பி வாங்கியதெல்லாம் ஜோராக ஓடும்.

ஆகவே முடிவு செய்யும் முன் கேட்க வேண்டிய கேள்வி, யார் வீட்டு நெட் நம்பகமானது என்பதுதான். ஃபைபரும் அதற்கு பேக்கப்பும் உள்ளவர் தன் உரிமையை வெளியே கொடுக்கலாம். மொபைல் டேட்டாவை ஹாட்ஸ்பாட் போட்டு ஓட்டுகிறவர் கொடுக்க வேண்டாம், வாங்கிக்கொள்ளட்டும். ஒருவழிப் பகிர்வு தப்பே இல்லை. சரிசமமாக மாற்றிக்கொண்டே ஆக வேண்டும் என்று எந்தச் சட்டமும் கிடையாது. 2013 ஜூனில் மைக்ரோசாஃப்ட், எக்ஸ்பாக்ஸ் ஒன் 24 மணி நேரத்துக்கு ஒருமுறை நெட்டில் தலைகாட்டியே ஆக வேண்டும் என்று அறிவித்து, எதிர்ப்பைக் கண்டு அதே மாதம் பின்வாங்கியது. அந்தத் திட்டம் அப்படியே நிலைத்திருந்தால் நம் ஊரில் அந்தப் பெட்டி கதவைத் திறந்து வைக்கத்தான் பயன்பட்டிருக்கும்.

பெட்டி உரிமை ஒன்றே ஒன்றுதான் என்பதையும் மறந்துவிடுகிறார்கள். தம்பிக்குக் கொடுத்தாயிற்று, மாமா மகனும் கேட்கிறான் என்று மூன்றாவது வீட்டில் வைக்க வேண்டுமானால் தம்பி வீட்டில் இழக்க வேண்டும். இன்று இங்கே நாளை அங்கே என்று மாற்றிக்கொண்டே இருக்கவும் முடியாது. ஹோம் எக்ஸ்பாக்ஸை ஆண்டுக்கு இத்தனை முறைதான் மாற்றலாம் என்று வரம்பு இருக்கிறது. பிளேஸ்டேஷனில், பெட்டி கையில் இருந்தால் எப்போது வேண்டுமானாலும் அணைக்கலாம். பெட்டி கையில் இல்லாமல் இணையதளம் வழியாக அணைப்பது 6 மாதத்துக்கு ஒருமுறைதான். ஆனால் பிளேஸ்டேஷனில் ஒரு சலுகை உண்டு, தெரிந்தவர்கள் குறைவு: ஒரே அக்கவுண்டுக்கு ஒரு பிளேஸ்டேஷன் 4-இலும் ஒரு பிளேஸ்டேஷன் 5-இலும் தனித்தனியாக உரிமை வைக்கலாம். பழைய 4-ஐ வீட்டுச் சின்னவனிடம் கொடுத்துவிட்டு, 5-க்கான உரிமையை உறவுக்காரருக்குத் தரலாம். எக்ஸ்பாக்ஸில் பழசும் புதுசும் சேர்த்து ஹோம் ஒன்றுதான்.

சந்தாக்களைப் பற்றி ஆளாளுக்கு ஒன்று சொல்வார்கள். பிளேஸ்டேஷன் பிளஸ் வைத்திருப்பவரின் பெட்டி உரிமை எங்கே இருக்கிறதோ அங்கே மற்ற அக்கவுண்டுகளும் ஆன்லைனில் ஆடலாம், மாதாந்தரக் கேம்களையும் ஆடலாம். கிளவுட் சேவ் மட்டும் சந்தாக்காரருக்கே. எக்ஸ்பாக்ஸின் சந்தாவான கேம் பாஸும் ஹோம் எக்ஸ்பாக்ஸில் மற்றவர்களுக்குத் திறக்கும். சந்தா தீர்ந்தால் எல்லோருக்கும் தீரும். பாதிக் கதையில் நிற்கும் தம்பியின் கோபத்துக்கு நீங்கள்தான் பதில் சொல்ல வேண்டும். கேமுக்குள் வாங்கும் வி-பக்ஸ், எஃப்சி பாயிண்ட்ஸ் போன்ற கேம் நாணயங்கள் எந்த வழியிலும் பகிராது. டிஸ்க்கும் பகிராது, டிஸ்க் இருக்கும் வீட்டில்தான் கேம்.

அமெரிக்க அக்கவுண்ட் வைத்திருப்பவர்கள் நம்மிடையே நிறைய. அவர்கள் மறந்துவிடும் ஒன்று: பிளேஸ்டேஷனில் கேமும் அதன் கூடுதல் பகுதிகளும் (டிஎல்சி) ஒரே பிராந்தியத்தில் வாங்கியிருக்க வேண்டும். அண்ணனின் அமெரிக்க அக்கவுண்டில் வாங்கிய கேமுக்குத் தம்பி தென்னாப்பிரிக்கக் கடையில் ரேண்ட் கொடுத்து டிஎல்சி வாங்கினால், அது பெரும்பாலும் சேராது. காசு போனது போனதுதான்.

இனி பணமும் நம்பிக்கையும். உரிமையைத் தம்பியின் பெட்டியில் வைக்க வேண்டுமானால் உங்கள் அக்கவுண்டும் அந்தப் பெட்டியில் இருந்தாக வேண்டும். அதில் உங்கள் வங்கி கார்டு சேமிக்கப்பட்டிருந்தால், அந்த வீட்டு ஏழு வயதுப் பிள்ளைக்கு அது தெரிய வர அதிக நேரம் ஆகாது. கார்டை நீக்கிவிட்டு, தேவைப்படும்போது கடையில் விற்கும் ரேண்ட் வவுச்சரை ஏற்றிக்கொள்ளுங்கள். வாங்கும்போதெல்லாம் பாஸ்வேர்ட் கேட்கும்படி செட்டிங்கில் வையுங்கள். உங்கள் பெயரைத் தட்டினால் பாஸ்கோட் கேட்கும்படியும் வைக்கலாம், பிளேஸ்டேஷனில் நான்கு இலக்கம். பாஸ்வேர்டை வாட்ஸ்ஆப்பில் அனுப்பாதீர்கள். அடுத்த முறை நேரில் போகும்போது நீங்களே லாகின் செய்யுங்கள், டூ-ஸ்டெப் வெரிஃபிகேஷனை அணைக்காமலேயே. தீபாவளிக்கோ காவடிக்கோ எப்படியும் போகத்தானே போகிறோம். எக்ஸ்பாக்ஸ்காரர்கள் போகும்போது எக்ஸ்டர்னல் ஹார்டு டிஸ்கில் கேம்களை நகலெடுத்துக்கொண்டு போனால், அந்த வீட்டில் டவுன்லோட் செலவும் மிச்சம்.

முன்பின் தெரியாதவர்களோடு இதைச் செய்யவே கூடாது என்பது என் கருத்து. ‘ஷேர்டு அக்கவுண்ட்’ என்று கால் விலைக்கு இணைய விளம்பரங்களில் கேம் விற்கிறார்கள். வாங்கியவரின் பெட்டியில் உரிமை இருக்கும்வரைதான் கேம் ஓடும். விற்றவர் அதே அக்கவுண்டை இன்னொருவருக்கு விற்று உரிமையை அங்கே மாற்றிய மறுநாள் பூட்டு விழும். புகார் செய்யவும் வழியில்லை, அக்கவுண்ட் விற்பதே விதிமீறல். தன் அக்கவுண்டைத் தெரியாதவரிடம் கொடுப்பவருக்கோ இன்னும் மோசம்: பாஸ்வேர்டை அவர் மாற்றிவிட்டால் பல வருடம் சேர்த்த கேம் அத்தனையும் போச்சு.

நிண்டெண்டோ ஸ்விட்ச் வைத்திருப்பவர்கள் மேலே சொன்னதை அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டாம். 2025 ஏப்ரல் இறுதியில் வந்த அப்டேட்டிலிருந்து அங்கே ‘வர்ச்சுவல் கேம் கார்டு’ முறை. டிஜிட்டல் கேமும் கடையில் வாங்கிய கார்ட்ரிட்ஜைப் போலத்தான்: ஒரு நேரத்தில் ஒரு கன்சோலில்தான் இருக்கும். ஃபேமிலி குரூப்பில், அதாவது அதிகபட்சம் 8 பேரில், ஒருவருக்கு 14 நாள் கடன் கொடுக்கலாம். கொடுத்த நாட்களில் உங்களால் ஆட முடியாது; கெடு முடிந்ததும் கார்டு தானாகத் திரும்பிவிடும், கடன் வாங்கியவரின் சேவ் அவரிடமே இருக்கும். பலர் ஏமாறும் இடம் ஒன்று இருக்கிறது: கடன் கொடுக்கும் நேரத்தில் இரண்டு கன்சோலும் ஒரே அறையில், பக்கத்தில் இருக்க வேண்டும். டர்பனில் உட்கார்ந்துகொண்டு ஜோஹானஸ்பர்க்குக்கு அனுப்ப முடியாது. ஆனால் கார்டு ஏற்றியிருக்கும் கன்சோல் நெட் இல்லாமலும் ஓடும், கையில் பிடித்து ஆடுவது வேறு. கரண்ட் போகிற வீட்டுக்கு மூன்றில் இதுதான் தோது என்பேன். ஒரே ஸ்விட்சைப் பல பிள்ளைகள் பகிரும் வீடுகளுக்கு மட்டும் ஒரு எச்சரிக்கை: ‘அனிமல் கிராசிங்: நியூ ஹொரைசன்ஸ்’ கேமில் ஆடுகிறவர்கள் உருவாக்கும் தீவு ஒரு கன்சோலுக்கு ஒன்றுதான். எத்தனை அக்கவுண்ட் இருந்தாலும் சண்டை உறுதி.

கடைசியாக, பெட்டி கை மாறும்போது. கன்சோலை விற்பதற்கு முன், ரிப்பேருக்குக் கொடுப்பதற்கு முன், அதில் உரிமை வைத்திருக்கும் ஒவ்வொரு அக்கவுண்டிலும் போய் அந்தச் செட்டிங்கை அணைத்துவிட்டுத்தான் ரீசெட் செய்ய வேண்டும். லெனேசியாக்காரர் தன் பெட்டியை விற்கும்போது அதில் உங்கள் உரிமையும் இருக்கிறது என்பது அவருக்கு நினைவிருக்காது. நீங்கள்தான் சொல்ல வேண்டும். கரண்ட் திரும்பி வரும்போது திடீரென்று அதிகமாகப் பாயும் சர்ஜில் பெட்டி செத்துவிட்டாலோ, வீடு புகுந்து யாராவது தூக்கிப் போய்விட்டாலோ அணைக்க வழியிருக்காது. பிளேஸ்டேஷன் இணையதளத்தில் போய் எல்லாப் பெட்டிகளையும் ஒரேயடியாக நீக்கும் அந்த 6 மாதத்துக்கு ஒருமுறை வாய்ப்பு இதற்காகத்தான். சும்மா மாற்றிப் பார்க்கிறேன் என்று போன மாதமே அதைச் செலவழித்திருந்தால், அடுத்தது வரும்வரை உங்கள் உரிமை அந்தச் செத்த பெட்டியிலேயே கிடக்கும். திருட்டு என்றால் முதலில் பாஸ்வேர்டை மாற்றி எல்லாக் கருவிகளிலிருந்தும் லாக்-அவுட் செய்துவிட்டு, பெட்டியின் சீரியல் எண்ணோடு போலீஸ் கேஸ் நம்பர் வாங்குங்கள். இன்ஷூரன்ஸ்காரர் கேட்பது அதைத்தான். சீரியல் எண் பெட்டியின் மேல் ஒட்டியிருக்கிறது, இன்றே போனில் ஒரு படம் எடுத்து வைத்துக்கொள்ளலாம்.