சேலத்திலிருந்தே கேரக்டர் ரோலுக்குப் போவது எப்படி?

அப்பா, தாய்மாமன், மண்டிக்காரர், ஏட்டையா மாதிரி வேடங்கள்தான் உங்கள் ஆசை என்றால் சென்னையில் ரூம் தேடுவதற்கு முன்னால் நம் ஊர் லீ பஜார் மண்டிகளில் போய் அரை நாள் நில்லுங்கள். அங்கே ஒரு கணக்குப்பிள்ளையை நான் பல நாள் பார்த்திருக்கிறேன். பணம் எண்ணும்போது அவருக்கு உதடு அசையாது, கட்டைவிரல் மட்டும் ஓடும், நடுவில் யாராவது கூப்பிட்டால் தலையைத் திருப்பாமல் இடது கையை லேசாகத் தூக்குவார், எண்ணி முடித்த பிறகுதான் முகமே நிமிரும். ஒரு சீரியலில் வட்டிக்காரர் வேடம் வந்தபோது அந்தக் கையை அப்படியே எடுத்துக்கொண்டேன். இரண்டே வரி வசனம்தான், ஆனாலும் அடுத்த ஷெட்யூலுக்கும் கூப்பிட்டார்கள்.

ஏற்காடு ரோட்டில் மாடர்ன் தியேட்டர்ஸ் நுழைவு வளைவைத் தாண்டித்தான் நாம் தினமும் போகிறோம். டி.ஆர். சுந்தரம் 1935-இல் தொடங்கிய அந்த நிறுவனம் நூறு படங்களுக்கு மேல் எடுத்தது. 1950-இல் அங்கிருந்து வந்த ‘மந்திரி குமாரி’யில் நம்பியார் ராஜகுரு, அதே வருஷம் ‘திகம்பர சாமியார்’ படத்தில் வேஷத்துக்கு மேல் வேஷம். இரண்டையும் அடுத்தடுத்துப் பாருங்கள், சத்தத்தை அணைத்துவிட்டு இன்னொரு முறை பாருங்கள்.

போட்டோவுக்கு மேக்கப்பும் கூலிங் கிளாஸும் வேண்டாம். நேராக ஒன்று, பக்கவாட்டில் ஒன்று, முழு உருவம் ஒன்று, கூடவே ஒரு நிமிஷ வீடியோ, போதும். வாய்ப்புக்கு யாராவது பணம் கேட்டால் உடனே எழுந்து வந்துவிடுங்கள். இருபத்தாறு வயதில் ஓர் ஏஜென்ட்டிடம் நான் பதினைந்தாயிரம் கொடுத்தேன், திரும்ப வரவில்லை. அம்மாவின் சீட்டுப் பணம் அது.

சீரியலில் ஒரே நாளில் பல சீன் எடுப்பார்கள், வசனத்தைப் பக்கத்திலிருந்து பிராம்ப்ட் செய்வார்கள், காது அங்கேயும் கண் எதிரில் இருப்பவரிடமும் இருக்க வேண்டும், இது பழகினால்தான் வரும். சினிமாவில் கஷ்டம் வேறு. ஒரே சீனைப் பல கோணத்தில் எடுப்பதால் எந்த வார்த்தையில் காபி டம்ளரைத் தூக்கினீர்களோ ஒவ்வொரு டேக்கிலும் அதே வார்த்தையில் தூக்க வேண்டும், இல்லாவிட்டால் எடிட்டிங்கில் உங்கள் க்ளோசப்தான் முதலில் போகும். வீட்டில் நிஜ டம்ளரை வைத்தே பழகுங்கள். கேமரா ஹீரோ பக்கம் திரும்பியிருக்கும்போதும் நீங்கள் முழு உணர்ச்சியோடு பேசுங்கள், அவர் முகத்தில் வருவது பாதி நீங்கள் கொடுப்பதுதான், அது எனக்கு ரொம்பப் பிடித்த வேலை.

கூப்பிட்டால் ராத்திரி ஏற்காடு எக்ஸ்பிரஸில் ஏறுங்கள், காலையில் சென்ட்ரல். ஏறுவதற்கு முன்பே புரொடக்ஷன் மேனேஜரிடம் சம்பளம், பேட்டா, எத்தனை நாள் கால்ஷீட் எல்லாம் பேசி, வாட்ஸ்அப்பில் எழுதி வாங்கிவிடுங்கள். அப்புறம், உங்கள் போர்ஷன் முழுக்க முடிந்தது என்று அவர் சொல்லும்வரை மீசையில் கை வைக்காதீர்கள், வீட்டில் கல்யாணமே இருந்தாலும் சரி.